இரவல் ஆட்டக்காரன்

மூன்றரைக்கு அங்கே தொடங்கியிருப்பார்கள். இங்கேயும் மூன்றரைக்குத்தான் தொடங்கியது. ஆகவே அங்கே பந்து எத்தனை நிமிஷம் உருண்டிருக்கிறதோ அத்தனை நிமிஷம்தான் இங்கேயும் என்று கிரெஷம் இன்னொரு முறை நினைத்துக்கொண்டான். நினைப்பதால் ஒன்றும் ஆகப்போவதில்லை என்று தெரிந்தும் நினைத்தான். இடது ஓரத்துச் சுண்ணாம்புக் கோடு காலை மழையில் பாதி கரைந்து அவன் பூட்ஸில் ஒட்டியிருந்தது. பந்து வலது பக்கம், மைதானத்தின் அந்தக் கோடியில், ஒரு டஜன் கால்களுக்கு நடுவே சேற்றில் சிக்கிக் கிடந்தது. இருபது நிமிஷமாக அங்கேயேதான் கிடக்கிறது. அவன் போட்டிருந்த சட்டை அவனுடையதல்ல. ஹோல்பிட்ச் நகரத்துத் தபால் குமாஸ்தாக்களின் பச்சைச் சட்டை. பிம் என்று ஒருவனாம், ரயிலைத் தவறவிட்டவன், அவனுடையது. கை மணிக்கட்டுக்கு எட்டாமல் நாலு விரற்கடை முன்பே நின்றுவிட்டது, கழுத்துப்பட்டியில் மலிவுப் புகையிலை வாசனை. இன்றைக்கு அவன் போட்டிருக்க வேண்டிய சட்டை வெள்ளை. மார்பில் மூன்று சிங்கம். கிளாஸ்கோவில், ஸ்காட்லாந்துக்கு எதிராக, லட்சம் பேர் பார்க்க, இங்கிலாந்தின் இடது ஓரத்தில் அந்தச் சட்டையோடு இந்த நிமிஷம் வேறொருவன் நிற்கிறான். நிற்கிறானா? அங்கே யாரும் நிற்கமாட்டார்கள். அங்கே பந்து வரும். அந்த ஓரத்துக்கு அடுத்த உள்பக்கத்தில் அட்கின் ஆடுகிறான், அட்கின் இருந்தால் பந்து வரும். கிரெஷம் கால் மாற்றி நின்றான். எல்லைக்கோட்டுக்கு அந்தப் பக்கம் குடை பிடித்தபடி இருந்த பாதிரியாரின் மனைவி அவனைப் பார்த்து, பந்து உங்கள் பக்கமே வரமாட்டேனென்கிறதே என்று வருத்தப்பட்டாள். ஆமாம், காற்று அப்படி, என்றான். காற்றே இல்லை.

வார்த்தை கொடுத்தது அக்டோபரில். கொடுத்தது என்று சொல்லக்கூட முடியாது. ரயில் கிளம்பிக்கொண்டிருந்தது, பள்ளித் தோழன் லட்லோ ஜன்னலுக்கு வெளியே பாதி உடம்பைத் தள்ளிக்கொண்டு, ஏப்ரல் முதல் சனிக்கிழமை, பழைய மாணவர் ஆட்டம், வருவாய்தானே என்று கத்தினான். பிளாட்பாரத்தில் நின்ற கிரெஷம், வருகிறேன் என்றான். ஒரே ஒரு சொல். புகை வந்து லட்லோவின் முகத்தை மூடியது. அவன் காதில் விழுந்ததோ இல்லையோ. பிறகு மார்ச் மூன்றாம் வாரம் இங்கிலாந்து அணியின் தேர்வுக் குழுவிடமிருந்து கடிதம் வந்தது. காலைச் சாப்பாட்டு மேஜையில், முட்டை ஓட்டை உடைத்துவிட்டு இன்னும் கரண்டியை எடுக்காத நேரம். படித்தான். மறுபடியும் படித்தான். முட்டையை முழுதாகச் சாப்பிட்டான், ரொட்டியையும் சாப்பிட்டான், எழுந்துபோய் அதே தபாலில் பதில் எழுதினான்: முன்னரே ஒப்புக்கொண்ட ஆட்டம் ஒன்று அந்தத் தேதியில் இருப்பதால் குழு தந்த கௌரவத்தை ஏற்க முடியாத நிலைக்கு வருந்துகிறேன். ஒரு அடித்தல் திருத்தல் கிடையாது. எழுதும்போது நெஞ்சு நிமிர்ந்து இருந்தது என்பதும் உண்மை. காசு வாங்கி ஆடுகிறவனை ஒப்பந்தம் கட்டிப்போடுகிறது, காசு வாங்காமல் ஆடுகிறவனை அவன் சொல்தான் கட்டிப்போட வேண்டும், இல்லாவிட்டால் இரண்டு பேருக்கும் என்ன வித்தியாசம். அப்பா இருந்திருந்தால் தலையை மட்டும் ஒருமுறை ஆட்டியிருப்பார். லட்லோவுக்கு இதைப்பற்றி ஒரு வரி எழுதவில்லை. எழுதினால் அது தம்பட்டம். உனக்காக நான் இதை விட்டேன் என்று சொல்கிறவன் விட்டதாகவே ஆகாது. இதையெல்லாம் யாரும் சொல்லிக்கொடுத்ததில்லை. ஆனாலும் விட்கோம் பள்ளியில் படித்த ஒருவனுக்கும் இது தெரியாமலிருந்ததில்லை.

இன்று மதியம் இரண்டரை மணிக்கு மைதானத்துக்கு வந்து உடை மாற்றும் கொட்டகைக்குள் நுழைந்தபோது பழைய மாணவர் அணியில் பன்னிரண்டு பேர் இருந்தார்கள். வெளியூர்க் குமாஸ்தாக்கள் பத்துப் பேர் வந்திருந்தார்கள். இம்மாதிரி ஆட்டங்களில் இதற்கு வழக்கம் உண்டு. ஆள் குறைந்தவர்களுக்கு ஆள் உள்ளவர்கள் ஒருவரை இரவல் தருவார்கள், அதுவும் ஒப்புக்கு ஓர் ஆளைத் தள்ளிவிடாமல் நல்ல ஆளாகப் பார்த்துத் தருவார்கள், தருவதில்தான் பெருந்தன்மை. லட்லோ நேராக அவனிடம் வந்து தோளில் கை போட்டான். "நீதான்ப்பா போகணும். மட்டமான ஆளைக் கொடுத்தா நம்ம மரியாதை என்ன ஆவறது? உன்னைக் கொடுத்தேன்னா இந்த வருஷம் பூரா அதைச் சொல்லிட்டிருப்பாங்க." கிரெஷம், அதற்கென்ன என்றான். அதற்கென்ன. பையிலிருந்து எடுத்த பழைய மாணவர் சட்டையை, அவன் தங்கை இஸ்திரி போட்டுக் கொடுத்திருந்ததை, மறுபடி மடித்துப் பைக்குள் வைத்தான். மடிப்பு சரியாக வரவில்லை. ஆக லட்லோவின் அணிக்கு ஆடுவதற்காக இங்கிலாந்தை விட்டவன் லட்லோவின் அணிக்கும் ஆடவில்லை. யாரிடமாவது இதைச் சொன்னால் சிரிப்பார்கள், அவனே வேறொருவனைப் பற்றிக் கேட்டிருந்தால் சிரித்திருப்பான். இரவல் ஆள் எப்படி ஆட வேண்டும் என்பதற்கும் ஒரு முறை இருந்தது. உண்மையாக ஆட வேண்டும், ஓட வேண்டும், வியர்க்க வேண்டும், ஆனால் தன் சொந்த அணியைத் தோற்கடிக்கும் ஆளாகத் தான் இருந்துவிடக் கூடாது. இதையும் யாரும் சொல்வதில்லை. சொல்லாதவற்றின் எண்ணிக்கை மனிதனை மூச்சுத் திணற வைக்கிற அளவுக்கு இருக்கிறதே என்று, முப்பத்தொரு வயதில், முதல் முறையாக அவனுக்குத் தோன்றியது.

பந்து நடுக்கோட்டுக்கு வந்தது. தபால்காரர்களின் நடு ஆட்டக்காரன் டாகெட், குட்டையான, சிவந்த காதுகள் கொண்ட ஆள், அதைக் காலடியில் நிறுத்தித் தலை தூக்கினான், கிரெஷத்தைப் பார்த்தான், கிரெஷத்துக்கு முன்னால் முப்பது கஜம் யாருமற்ற புல்வெளி இருப்பதையும் பார்த்தான். பார்த்துவிட்டு நிதானமாகத் திரும்பி வலது பக்கமே அடித்தான். இது நாலாவது முறை. கிரெஷத்தின் கால்கள் தாமாகவே எடுத்திருந்த நாலு எட்டை அவன் திரும்ப வைத்துக்கொண்டு வந்தான். உடம்பு ஓடக் கிளம்பி ஓடாமல் நிற்கும்போது தொடைக்குள் ஏற்படும் ஒரு கசப்பு உண்டு, அதற்குப் பெயர் இல்லை. டாகெட் பக்கத்தில் வந்தபோது, தம்பி, பந்தை இந்தப் பக்கமும் கொஞ்சம் அனுப்பலாமே என்று முடிந்தவரை சாதாரணமாகச் சொன்னான். டாகெட் சுற்றுமுற்றும் பார்த்துவிட்டுக் குரலைத் தாழ்த்தினான். "வேண்டாம் சார். எங்களுக்குத் தெரியும். பேப்பர்ல போட்டிருந்தான்." என்ன போட்டிருந்தான்? "முழங்கால் சார். கிளாஸ்கோவுக்குப் போக முடியாம உங்களுக்கு முழங்கால் அடின்னு. அப்படியிருந்தும் எங்களுக்காக வந்து நிக்கறீங்களே, அதுவே பெரிசு. நாங்க பேசி வெச்சுட்டோம், உங்களுக்குத் தொந்தரவு குடுக்கறதில்லைன்னு." எனக்கு முழங்காலில் ஒன்றுமில்லை என்றான் கிரெஷம். டாகெட் அன்போடு சிரித்தான். "அப்படித்தான் சொல்வீங்க சார். உங்க மாதிரி ஆளுங்க அப்படித்தான் சொல்வாங்க." சொல்லிவிட்டு ஓடினான். ஆக, குழு இப்படிச் செய்திருக்கிறது. பள்ளிக்கூட ஆட்டம் ஒன்றுக்காக ஒருவன் இங்கிலாந்தை மறுத்தான் என்று அச்சடிக்க அவர்களுக்குக் கூச்சமாக இருந்திருக்கும், அல்லது நம்பவே இல்லை, நாகரிகமாக முழங்கால் என்று மாற்றிவிட்டார்கள். அவன் செய்த அந்த ஒரே காரியமும் உலகத்தில் நடக்காததாகிவிட்டது. அதன் இடத்தில் வீங்கிய ஒரு முழங்கால் இருக்கிறது. அவன் குனிந்து தன் முழங்காலைப் பார்த்தான். வலதா இடதா என்றுகூடப் பேப்பரில் போட்டார்களோ என்னவோ. கேட்டிருக்கலாம்.

அட்கின் இந்நேரம் ஒரு பந்தாவது கொடுத்திருப்பான். மூன்று வருஷத்துக்கு முன் தேர்வு ஆட்டம் ஒன்றில்தான் அட்கினைப் பார்த்தான், அதற்கு முன்னும் இல்லை பின்னும் இல்லை. பாய்லர் பட்டறைக்காரன் மகன், வாரச் சம்பளத்துக்கு ஆடுகிறவன், மேல்வரிசையில் இரண்டு பல் கிடையாது. ஆட்ட அறிக்கையில் கிரெஷத்தின் பெயருக்கு முன்னால் மிஸ்டர் இருந்தது, அட்கின் வெறும் அட்கின். தனித்தனி ரயில் பெட்டி, தனித்தனி விடுதி, உடை மாற்றுவதுகூடத் தனித்தனி அறை. மைதானத்தில்தான் முதல்முறையாக ஒருவரையொருவர் அருகில் பார்த்தார்கள். முதல் பத்து நிமிஷம் அவனுக்கு யாரும் பந்து கொடுக்கவில்லை, அங்கேயும்தான். பிறகு அட்கின் தரையில் துப்பிவிட்டு அவனைப் பார்க்காமலே சொன்னான்: "மிஸ்டர், நீங்க என்னைப் பாக்காதீங்க. ஓடுங்க. நான் கண்டுபிடிச்சுக்கறேன்." ஓடினான். திரும்பிப் பார்க்காமல் ஓடுவது என்பது எவ்வளவு கஷ்டம் என்று அன்றுதான் தெரிந்தது. முதுகு முழுக்கக் கண்ணாக, காது முழுக்கக் கண்ணாக, ஏமாறப்போகிறோம் என்ற பயத்தோடு. பன்னிரண்டாவது எட்டில் பந்து இடது காலுக்கு முன்னால், அவனுக்காகவே காத்திருந்ததுபோல, ஓடும் வேகத்தில் ஒரு இழைகூடக் குறைக்க வேண்டாத இடத்தில் வந்து இருந்தது. அன்றைக்கு அப்படி ஆறு முறை. ஆறையும் அவனால் வரிசையாகச் சொல்ல முடியும். மூன்றாவது பந்தில் லேசான சுழற்சி இருந்தது, புல்லில் பட்டதும் வெளிப்பக்கம் போகாமல் உள்ளே வளைந்தது. அது தற்செயலா இல்லையா என்று மூன்று வருஷமாக யோசித்துக்கொண்டிருக்கிறான். வாழ்க்கையில் வேறு யாரும், அம்மாவோ, லட்லோவோ, கல்யாணம்வரை வந்து நின்றுபோன மிஸ் ஹார்டிங்கோ, அவன் எங்கே போய்ச் சேருவான் என்று அவ்வளவு சரியாக அறிந்ததில்லை. ஆட்டம் முடிந்து கை கொடுத்தபோது அட்கினின் உள்ளங்கை மரப்பலகைபோல் இருந்தது. மறுபடி ஆடுவோம் என்றான் கிரெஷம். ஆகட்டும் மிஸ்டர் என்றான் அவன். அதுவும் ஒரு வார்த்தைதானே, அதுவும் கொடுத்ததுதானே. அக்டோபருக்கு வெகு முன்னால் கொடுத்தது. எழுந்துபோய்ப் பதில் எழுதிய அந்தக் காலையில் அது ஏன் நினைவுக்கு வரவில்லை?

வந்ததோ? இந்த இடத்தில் அவனுடைய மனம் ஒவ்வொரு முறையும் தடுக்கி நிற்கும், ஒரு பல்லில் நாக்கு போய்ப் போய்ப் படுவதுபோல. கடிதத்தை இரண்டாம் முறை படித்தபோது லட்சம் பேர் என்ற எண்ணம் வந்தது, லட்சம் பேரின் மூச்சு, ஈரக் கம்பளிக் கோட்டுகளின் வாடை, அத்தனை வாய்களும் ஒன்றாகத் திறப்பது. அட்கின் பந்தைக் கொடுத்து, அது மிகச்சரியாக வந்து, அவன் அதைத் தவறவிடுவது. அதற்குப் பிறகு அட்கின் ஒன்றும் சொல்லாமல் தரையில் துப்புவது. இவ்வளவும் கரண்டியை எடுப்பதற்குள் வந்து போயிற்று. அதன் பிறகுதான் லட்லோ, ரயில் ஜன்னல், வருகிறேன். அந்த வரிசையில்தான் வந்தது. வார்த்தைக்காகப் போகாமல் இருந்தானா, போகாமல் இருக்க ஒரு வார்த்தை அகப்பட்டதா? இல்லை, அப்படியில்லை, வார்த்தை வார்த்தைதான், பயம் இருந்ததோ இல்லையோ வார்த்தை இருந்தது. ஆனால் பயம் இல்லாத ஒருவன் லட்லோவுக்கு ஒரு வரி எழுதிக் கேட்டிருப்பான். விடுகிறாயா என்று கேட்பதில் எந்தச் சொல்லும் முறிவதில்லை. கேட்கவில்லை. கேட்டால் சரி என்று சொல்லிவிடுவான் என்பதனாலா? இதற்குள் ரெஃப்ரி விசில் ஊதிவிட்டார். இடைவேளை. ஆளுக்கு ஒரு கோல் என்று யாரோ சொன்னார்கள். இரண்டு கோலையும் அவன் பார்த்திருந்தான், ஒன்றும் மனதில் இல்லை.

எலுமிச்சைத் துண்டுகளைத் தட்டில் வைத்து நீட்டினார்கள். லட்லோ ஒன்றை உறிஞ்சியபடி வந்தான். நன்றாகத்தான் இருந்தான், முடி கொஞ்சம் உதிர்ந்திருந்தது, தன் அணி, தன் மைதானம், தன் மழை என்பதுபோல் மலர்ந்திருந்தான். கிரெஷம் எதையும் சொல்லப்போவதில்லை என்று மூன்று வாரமாக இருந்தவன், வாயில் எலுமிச்சைப் புளிப்போடு, சொல்லத் தொடங்கிவிட்டது தெரிந்தபோது நிறுத்த முடியவில்லை.

"இன்னிக்கு எனக்கு இன்னொரு இடத்துல அழைப்பு இருந்தது, லட்லோ."

"அட, ஒரு வரி எழுதியிருக்கலாமே. பன்னெண்டு பேர் இருந்தோம், பாத்தியே. தாராளமா விட்டிருப்பேன். என்ன, கல்யாணமா?"

"இல்லை. ஆட்டம்தான்."

"எங்கே?"

"வடக்கே."

லட்லோ எலுமிச்சைத் தோலைப் புல்லில் எறிந்தான். "வடக்கே இந்த மாசத்துல ஒரே சேறா இருக்கும். தப்பிச்சே போ. சரி, நீ வருவியான்னு நான் எப்போ கேட்டேன்? கார்டு போட்டேனா? நம்ம ஆளுங்க எல்லாருக்கும் போட்டேன், உனக்குப் போட மறந்துட்டேனோன்னு நேத்திக்குக்கூட நினைச்சேன். அதான் பன்னெண்டாவதா ஒருத்தனைச் சொல்லி வெச்சேன்." கிரெஷம், ரயிலில் கேட்டாய் என்றான். "ரயில்லயா? கேட்டிருப்பேன்," என்றான் லட்லோ, அவன் முதுகில் தட்டிவிட்டு, பாதிரியாரின் மனைவியிடம் தேநீர் எத்தனை மணிக்கு என்று விசாரிக்கப் போனான். அவன்மேல் கோபப்பட ஒன்றுமே இல்லை. அதுதான் தாங்கவில்லை. கோபப்பட வசதியாக அவன் ஓர் அயோக்கியனாக இருந்திருக்கலாம், ஒரு பொய்யாவது சொல்லியிருக்கலாம்.

இரண்டாம் பாதியில் பக்கம் மாறியதால் வெயில், அது வெயிலென்றால், முகத்துக்கு நேரே இருந்தது. ஐம்பது நிமிஷம், அறுபது. அங்கேயும் அறுபது. தபால்காரர்கள் களைத்துக்கொண்டிருந்தார்கள், வாரம் முழுக்க நாற்காலியில் உட்கார்ந்து முத்திரை குத்தின உடம்புகள், ஆனாலும் விடாமல் அவனைத் தொந்தரவு செய்யாமல் காப்பாற்றினார்கள். ஒருமுறை பந்து தவறி அவன் பக்கமே உருண்டு வந்தபோது பச்சைச் சட்டை ஒன்று மூச்சிரைக்க ஓடி வந்து, நீங்க விடுங்க சார், நான் பாத்துக்கறேன் என்று அதைக் கொண்டுபோயிற்று. அறுபத்தைந்து, எழுபது. அவனுக்கு ஓடத் தெரியும் என்பது உலகத்தில் இந்த நிமிஷம் அவன் ஒருவனுக்குத்தான் தெரியும். அதுவும் எத்தனை நாளைக்கு. அடுத்த வருஷம் முப்பத்திரண்டு, இருபத்துமூன்று வயசுக்காரர்கள் ஊருக்கு ஊர் முளைத்திருக்கிறார்கள். ஒருமுறை மறுத்தவனுக்கு, அதுவும் முழங்கால் போனவனுக்கு, குழு இன்னொரு கடிதம் எழுதாது, எழுதப் போவதில்லை. இதை அவன் மார்ச் மூன்றாம் வாரத்திலிருந்து அறிவான், ஆனால் அறிந்ததை இப்போதுதான் காலில் உணர்ந்தான். எண்பது. வெள்ளைச் சட்டைக்காரன் ஒருவனை அட்கின் கண்டுபிடித்துக்கொண்டிருக்கிறான். எண்பத்தைந்து. டாகெட் நடுக்கோட்டருகே பந்தை நிறுத்தித் தலை தூக்கி அவனைப் பார்த்தான், யாருமற்ற புல்வெளியைப் பார்த்தான், வலது பக்கம் திரும்ப உடம்பைச் சாய்த்தான். கிரெஷம் பதினைந்து கஜம் குறுக்கே பாய்ந்து, தன் அணிக்காரனின் காலிலிருந்தே பந்தைப் பிடுங்கினான். சார் என்று ஒரு சத்தம் கேட்டது. பிறகு ஒன்றும் கேட்கவில்லை. ஓடினான். பள்ளியில் அவனுக்கு மூன்று வகுப்பு இளையவனான ஒருவனை இடது பக்கம் போவதுபோல் காட்டி வலது பக்கமாகக் கடந்தான், இன்னொருவன் சேற்றில் தானாகவே உட்கார்ந்தான், எதிரே லட்லோ வந்தான். லட்லோ சிரித்துக்கொண்டிருந்தான், இரவல் ஆள் இந்த இடத்தில் என்ன செய்வான் என்று அறிந்த சிரிப்பு, கொஞ்சம் நிதானிப்பான், பந்தை ஓரமாகத் தள்ளுவான், இரண்டு பேரும் முட்டிக்கொண்டு சிரிக்க ஓர் இடம் உண்டாகும். கிரெஷம் நிதானிக்கவில்லை. தோளோடு தோள் மோதியபோது லட்லோவின் மூச்சு ஹக்கென்று வெளியேறியதைக் கேட்டான், அதில் அவனுக்கு ஒரு நிறைவு இருந்தது, அந்த நிறைவு அவனைப் பயமுறுத்தியது, பயத்தோடேயே அடித்தான். இடது காலால், முழுப் பலத்தோடு. கோல்கீப்பரான பாதிரியார் கையைத் தூக்கக்கூட இல்லை. வலை கிடையாது இந்த மைதானத்தில். பந்து கம்பங்களுக்கு நடுவே போய், வேலி இடைவெளியில் புகுந்து, கோசுக்கிழங்கு வயலின் சரிவில் தாவித் தாவி இறங்கியது.

தபால்காரர்கள் இரண்டு மூன்று பேர் கைதட்டினார்கள், பிறகு மற்றவர்களைப் பார்த்து நிறுத்தினார்கள். லட்லோ எழுந்து கால்சட்டையில் ஒட்டிய சேற்றைத் தட்டிக்கொண்டான். "நல்ல அடி, கிரெஷம்," என்றான். குரலில் ஒரு குறையும் இல்லை. கண் மட்டும் அவனைப் பார்க்கவில்லை. "அடிச்சவரே போய் எடுத்துட்டு வந்துடறீங்களா? இன்னும் நாலஞ்சு நிமிஷம் இருக்கு." நீயாக இருந்தது நீங்களாகிவிட்டதை எல்லோரும் கவனித்ததாக கிரெஷத்துக்குத் தோன்றியது. அவன் வேலி இடைவெளியில் நுழைந்து வயலில் இறங்கினான். பூட்ஸில் ஒவ்வொரு எட்டுக்கும் ஒரு பிடி மண் கூடுதலாக ஏறியது. பந்து இரண்டு கிழங்கு வரிசைகளுக்கு இடையே, சேறு பூசிக்கொண்டு, அதுவும் ஒரு கிழங்குபோலக் கிடந்தது. அதன் பக்கத்தில் நின்றான். இங்கிருந்து மைதானம் தெரியவில்லை, வேலிக்கு மேலே பாதிரியார் மனைவியின் குடை மட்டும் தெரிந்தது. தான் ஆடியது நன்றாக இருந்ததா? முதல் வளைவு நன்றாக இருந்தது. இரண்டாவது ஆள் தானாக விழுந்தான், அது சேராது. மூன்றாவது லட்லோ, முப்பத்திரண்டு வயசு, இரவு விருந்துகள், அதுவும் சேராது. இந்தக் கோல் எதற்கும் பதில் ஆகாது, பயந்தாயா என்று கேட்டால் இல்லை என்று சொல்ல இது போதாது. அதைச் சொல்லக்கூடிய இடம் ஒன்றுதான் இருந்தது, அங்கே இந்நேரம் தொண்ணூறு நிமிஷம் ஆகிக்கொண்டிருந்தது. மேலேயிருந்து யாரோ, பந்து, பந்து என்று கூப்பிட்டார்கள். பொறுமையான குரல். இன்னொரு குரல், தேநீர் ஆறிப்போகும்ப்பா என்றது, சிரிப்பு எழுந்தது. கிரெஷம் பந்தைக் காலால் உருட்டி ஒரு மேட்டில் நிறுத்தினான். மைதானத்துக்கு முதுகைக் காட்டி நின்று, மூன்றடி பின்னால் போய், ஓடி வந்து உதைத்தான். மிக நன்றாக உதைத்தான். ஈரத்தில் கனத்த அந்தத் தோல்பந்து வயலைத் தாண்டி, வயலுக்கு அப்பால் இருந்த வில்லோ மரங்களின் தலையைத் தாண்டி, இன்னும் தாழாமல் போய், ஆற்றுப் பக்கம் எங்கோ மறைந்தது. சத்தமே வரவில்லை. முதுகுக்குப் பின்னால் கூப்பிட்டுக்கொண்டிருந்த குரல்கள் ஒவ்வொன்றாக நின்றன. அவனுக்கு மார்பு விரிந்து மூச்சு வந்தது, நாலைந்து மூச்சு. பிறகு, அவர்களிடம் வேறு பந்து இல்லை என்பது நினைவுக்கு வந்தது. இருபத்தோரு பேர் சேற்றில் நின்றுகொண்டிருக்கிறார்கள். கிரெஷம் பிம்முடைய சட்டையின் கையை முழங்கைக்கு மேல் ஏற்றிவிட்டுக்கொண்டு ஆற்றை நோக்கி இறங்கினான், முதலில் நடந்து, பிறகு, அவர்களைக் காக்க வைப்பது முறையல்ல என்பதால், ஓடி.